அத்தோ பர்மாவுடையதா, பாரிமுனையுடையதா?

கேள்வி:
நேற்று பர்மா பஜார் அருகே தள்ளுவண்டியில் அத்தோ சாப்பிட்டேன். ஆரஞ்சு நிற நூடுல்ஸ், முட்டைக்கோஸ், வெங்காயம், பொரித்த பூண்டு, புளித்தண்ணீர் எல்லாவற்றையும் கடைக்காரர் கையாலேயே பிசைந்தார். கூடவே வாழைத்தண்டு சூப். இது நிஜமாகவே பர்மா உணவா, சென்னைச் சரக்கா?

பதில் 1:
பர்மாதான். அங்கே ‘அதோக்’ என்றால் கையால் பிசைந்த கலவை. 1962-இல் ராணுவத் தளபதி நே வின் அங்கே ஆட்சியைப் பிடித்து, பிறகு கடைகளை நாட்டுடைமையாக்கியதும் இங்கே கப்பலேறி வந்த தமிழர்களில் என் தாத்தாவும் ஒருவர். நகையும் பணமும் போயின. பாட்டியின் கைப்பக்குவம் தப்பித்துவிட்டது. வறுத்த கடலைமாவை எண்ணெய்க்கு முன்பே தூவ வேண்டும் என்பாள். மாற்றினால் தட்டைத் தள்ளிவிடுவாள். கரண்டியால் கிளறுகிற கடையை நான் கடையாகவே மதிப்பதில்லை.

பதில் 2:
அந்த சூப் மொஹிங்காவின் உறவு. அங்கே காலை உணவு அது: கெளுத்தி மீன் குழம்பில் வாழைத்தண்டு, அரிசி நூடுல்ஸ். இங்கே பல வண்டிகளில் மீன் காணாமல் போய்விட்டது.

கேட்டவர்:
கடலைமாவா! நான் பொட்டுக்கடலை என்று நினைத்துவிட்டேன். எண்ணெய் பூண்டு பொரித்ததா, வெங்காயம் பொரித்ததா?

பதில் 1:
எங்கள் வீட்டில் இரண்டும்.