ஜாவா 8-இலிருந்து 21-க்கு: தானியங்கிப் பணியோடு மூன்று நாள்

இரவுப்பணியாள்:
எங்கள் லாரி முன்பதிவு நிரல் 2019-இல் எழுதியது. நிரல் மொழி ஜாவா 8, அதற்கான சட்டகம் ஸ்பிரிங் பூட் 2. ஸ்பிரிங் பூட் 2 வரிசைக்கான இலவச ஆதரவு 2023 நவம்பரிலேயே முடிந்துவிட்டது. கையால் மாற்ற ஆள் இல்லாததால், ஒரு கிளவுட் சேவையின் தானியங்கி நவீனமாக்கல் பணியிடம் ஒப்படைத்தோம். விளம்பரத்தில் நான்கே கிளிக் என்றிருந்தது. எனக்கு மூன்று நாள் பிடித்தது.

முதல் நாள் அனுமதியிலேயே கழிந்தது. நிரலை ஜிப் செய்து சேமிப்பகத்தில் ஏற்றி, படிக்கும் உரிமையையும் கொடுத்திருந்தேன். ஆனாலும் 'அணுகல் மறுக்கப்பட்டது' என்ற ஒற்றை வரிதான் வந்தது. சேமிப்பக விதிகளை மதியம் வரை துழாவினேன். கோப்பு எங்கள் சொந்தச் சாவியால் மறையாக்கப்பட்டிருந்தது மாலையில்தான் உறைத்தது. உள்ளே வரச் சொல்லிவிட்டுச் சாவியை இடுப்பிலேயே செருகி வைத்திருந்திருக்கிறேன்!

இரண்டாம் நாள் பில்ட், அதாவது நிரலைத் தொகுத்து ஓடும் வடிவாக்கும் வேலை, நின்றது. எங்கள் பொது நூலகங்கள் அலுவலக வலையமைப்புக்குள் இருக்கும் சர்வரில் உள்ளன. பணி ஓடும் இயந்திரத்துக்கு அங்கே போக வழியில்லை. அவற்றையும் ஜிப்பில் சேர்த்தேன். திரும்பத் திரும்ப வரும் நிரல் வரிகளைத் தானே எழுதித் தரும் லாம்பாக் நூலகம் பழைய பதிப்பாக இருந்ததால் இன்னொரு முறை நின்றது. ஜாவா 21-க்கு லாம்பாக் 1.18.30 அல்லது அதற்குப் பின் வந்தது வேண்டும்.

மூன்றாம் நாள் ஓடி முடிந்தது. ஒன்றை மெச்சத்தான் வேண்டும். நிறுவன நிரல்களுக்கான ஜாவா தரத்தின் பதிப்பாக 2020 டிசம்பரில் வந்த ஜகார்த்தா 9-இல் 'ஜாவாஎக்ஸ்' என்று தொடங்கும் பெயர்கள் 'ஜகார்த்தா' ஆயின. எல்லாம் அல்ல, தரவுத்தள இணைப்பு, மறையாக்கம் போன்ற சில ஜாவாவுக்கே உரியவை, பழைய பெயரில்தான் இருக்க வேண்டும். முன்பொரு முறை நான் தேடி மாற்றும் வசதியை வைத்து அவற்றையும் சேர்த்துக் கெடுத்தேன். இந்தக் கருவி ஒன்றைக்கூடத் தவறாகத் தொடவில்லை.

சோதனைகள் எல்லாம் பச்சை. வெளியிட்ட மறுநாள் காலை ஒரு வாடிக்கையாளர் அனுப்பிய நேரக் கோப்பை நிரல் ஏற்க மறுத்தது. '10:30 ஏஎம்' என்று ஆங்கிலத்தில் எழுதியிருந்தது; கண்ணுக்கு எந்தக் குறையும் தெரியவில்லை. ஜாவா 20-இலிருந்து அமெரிக்க ஆங்கில நேர வடிவத்தில் ஏஎம், பிஎம்முக்கு முன் வருவது சாதாரண இடைவெளி அல்லவாம்; வரி உடையாத ஒரு குறுகிய இடைவெளி. எங்கள் சோதனை ஒரே வடிவத்தால் எழுதி, அதே வடிவத்தால் படித்ததால் இரண்டு பக்கமும் ஒத்துப்போனது. வடிவத்தை நாங்களே வெளிப்படையாக எழுதியதும் சரியாயிற்று. உங்களுக்கு என்ன நடந்தது?

பழைய கோபால்காரர்:
தம்பி, உங்களுக்குப் பிழை என்று சொல்லவாவது செய்தது. எங்களுடையது மெயின்பிரேம் என்னும் பெரிய கணினியில் ஓடும் கோபால், வணிகக் கணக்குகளுக்கான பழைய நிரல் மொழி. நிரலை ஆராய்ந்து, எது எதை அழைக்கிறது என்று கருவி வரைந்து கொடுத்த படம் அருமை. இருபது வருடமாக என் மண்டைக்குள் மட்டும் இருந்தது. இடி விழுந்தது தரவில். மாற்றிய நிரலைச் சோதிக்க அனுப்பிய கோப்பை யாரோ பைனரியாக, அதாவது பைட்டுகளை உள்ளபடியே, அனுப்பாமல் எழுத்துக் கோப்பாக அனுப்பிவிட்டார்கள். கோபால் சுருக்கி வைக்கும் காம்ப்-3 எண்கள் எழுத்துகள் அல்லவே. ஒரு பைட்டில் இரண்டு இலக்கம், கடைசி அரை பைட்டில் கூட்டலா கழித்தலா என்ற குறி; சி என்றால் கூட்டல். 12345 என்பது 12 34 5சி என்று உட்கார்ந்திருக்கும். மெயின்பிரேமின் எழுத்துக் குறியீடான சிபி 037-இலிருந்து மற்றக் கணினிகளின் லத்தீன்-1-க்கு எழுத்தாக மாற்றினால் அது 12 94 2ஏ ஆகும். ஏ-யும் கூட்டல் குறிதான். ஆக 12,345 ரூபாய் அழகாக 12,942 ரூபாய் ஆயிற்று. கருவி என்ன செய்யும், பாவம்? இரண்டு நாள் புதிய ஜாவா நிரலைத்தான் திட்டிக்கொண்டிருந்தோம்.

சோதனைக்குழு:
நான் சொல்வது சின்ன விஷயம். ஏற்றும் முன் ஜிப்பைத் திறந்து பாருங்கள். எங்கள் ஜிப்பில் தரவுத்தளக் கடவுச்சொல் அமைப்புக் கோப்பிலேயே இருந்தது. ஏற்றிய பிறகு பார்த்தோம், அன்றிரவே மாற்றினோம்.
ஐயா, அறிக்கைகளின் வரிசை மாறவில்லையா?

பழைய கோபால்காரர்:
மாறாமலா? மெயின்பிரேமில் எழுத்து முன்னே, எண் பின்னே. இங்கே எண் முன்னே. 'ஏ' வரிசைக் கணக்குகள் எல்லாம் பின்பக்கத்துக்குப் போய்விட்டன. தணிக்கையாளர் காணவில்லை என்றே எழுதிவிட்டார். அதன் பிறகு பழையதையும் புதியதையும் மூன்று மாதம் சேர்த்து ஓட்டி, தினமும் வெளியீட்டை ஒப்பிட்டோம். ஒரே ஓர் அறிக்கை மட்டும் இன்னும் ஒத்துவரவில்லை. அதை யார் படிக்கிறார்கள் என்று விசாரித்துக்கொண்டிருக்கிறேன். இதுவரை ஒருவரும் அகப்படவில்லை.