மறு: ‘கேரிஓவர் குக்கிங்’ தமிழில் என்ன? ‘பின்வேக்காடு’ என் பரிந்துரை

அனைவருக்கும் வணக்கம். இறைச்சியை அடுப்பிலிருந்து இறக்கிய பிறகும் அதன் சூட்டிலேயே உள்ளே வேகுவதுதான் ‘கேரிஓவர் குக்கிங்’. இறக்கியதை வெட்டாமல் கொஞ்ச நேரம் வைப்பது ‘ரெஸ்டிங்’. இவற்றுக்குத் தமிழ்ச்சொல் தேடும் இந்த இழையில் வந்த கருத்துகளுக்கு என் பதில் இது.

> ‘ரெஸ்டிங்’, ‘கேரிஓவர் குக்கிங்’ இரண்டுக்கும் ‘ஆறவிடல்’ என்றே
> போட்டுவிடலாம். வீட்டில் சமைப்பவருக்கு இவ்வளவு நுணுக்கம் எதற்கு?

நுணுக்கம் வேண்டியிருப்பதே வீட்டில் சமைப்பவருக்குத்தான். உணவகத்தில் நாள் முழுக்க இறைச்சி சுடுகிறவர் விரலால் அழுத்திப் பார்த்தே பதம் சொல்லிவிடுவார். நமக்கு ஒரு வெப்பமானியும் கையேடும்தான் துணை. கையேட்டில் ‘ஆறவிடவும்’ என்று மட்டும் இருந்தால், சூடு இறங்குகிறது என்றுதானே படிப்பவர் நினைப்பார்? துண்டின் நடுவில் அந்த நேரத்தில் சூடு ஏறிக்கொண்டிருக்கும்.

புதிதாகச் சேர்ந்தவர்களுக்குப் பின்னணி: சமூக மன்றச் சமையல் வகுப்புக்கான தமிழ்க் கையேட்டில் ‘பிஸ்தெக்கா அல்லா ஃபியோரெந்தினா’ ஒரு பாடம். இத்தாலியின் டஸ்கனி வட்டாரத்தில், ஃபுளோரன்ஸ் நகரின் பெயரைத் தாங்கிய ஸ்டேக் (சுட்டுச் சாப்பிடும் கனமான மாட்டிறைச்சித் துண்டு) அது. கியானினா என்ற வெள்ளை மாட்டினம் அதற்குப் பேர்போனது. இடுப்புப் பகுதியை ‘டி’ வடிவ எலும்போடு வெட்டுவார்கள். கனம் மூன்று, நான்கு விரல் என்பது அவர்கள் வழக்கு (விரற்கடை நமக்கு மட்டும் சொந்தமில்லை போலிருக்கிறது). சென்டிமீட்டரில் 5, 6 வரும். ஒரு துண்டே ஒரு கிலோவைத் தாண்டும். நல்ல தணலில் இரண்டு பக்கமும் சுட்டு, எலும்பின் மேல் நிறுத்திக் கொஞ்ச நேரம் காட்டி எடுப்பார்கள். உள்ளே சிவப்பாகவே இருக்க வேண்டும்.

இங்கே சிங்கப்பூரில் வீவக (அரசு அடுக்குமாடி) வீட்டுத் தாழ்வாரத்தில் கரி மூட்ட முடியாது. ஈஸ்ட் கோஸ்ட் பூங்கா, பாசிர் ரிஸ் பூங்கா மாதிரி இடங்களில் சுடுகுழியை முன்பதிவு செய்யலாம். இல்லையென்றால் அடுப்பில் கனமான இரும்புச் சட்டி, ஜன்னலைத் திறந்து வைத்துக்கொண்டு. மாட்டிறைச்சி சாப்பிடாதவர்கள் இந்த இழையை விட்டுப் போய்விட வேண்டாம். முழு ஆட்டுத்தொடைக்கும் முழுக்கோழிக்கும் நாம் தேடும் சொல் இதேதான்.

நடப்பது இதுதான். மேல்பரப்பு முறுகிப் பழுப்பாக வேண்டுமென்றால் அங்கே வெப்பம் 140 டிகிரி செல்சியசைத் தாண்ட வேண்டும். அப்போது நடுப்பகுதி 45 டிகிரியில் இருக்கலாம். தணலிலிருந்து எடுத்ததும் மேல்சூடு ஒரு பங்கு காற்றுக்குப் போகிறது, இன்னொரு பங்கு உள்ளே இறங்குகிறது. இவ்வளவு கனமான துண்டில் நடுவெப்பம் 3 முதல் 5 டிகிரி ஏறுவது சாதாரணம். தணல் கடுமையாக இருந்தால் இன்னும் கூடும். ஆகவே 52 டிகிரி வேண்டுமென்பவர் 48ஐ ஒட்டி இறக்கிவிட வேண்டும். 52 வரட்டும் என்று காத்திருந்தால் சிவப்பு போய்விடும். விரல் கனம்கூட இல்லாத துண்டுக்கு இந்தக் கணக்கே வேண்டாம்.

பாதுகாப்புக்கும் இதில் இடம் உண்டு. அமெரிக்க வேளாண் துறை ஸ்டேக்குக்குச் சொல்வது 63 டிகிரி, அதன் பிறகு 3 நிமிடம் வைத்திருக்க வேண்டும். அடுப்பை விட்டு இறக்கிய பிறகான நேரத்தையும் அவர்கள் சமையலாகவே எண்ணுகிறார்கள். ஃபுளோரன்ஸ் பதம் இந்த அளவுக்குக் கீழே என்பதைக் கையேட்டில் ஒரு வரி போடுவது நல்லது. கர்ப்பிணிகளும் முதியவர்களும் வகுப்புக்கு வருவார்கள்.

இனி, இதுவரை வந்த சொற்கள்.

> எச்சவெப்பச் சமைப்பு

பொருள் சரி. ஆனால் ‘எச்ச’ என்று தொடங்கும் ஒன்றைச் சாப்பாட்டு மேசைக்குக் கொண்டுவர எனக்கு மனம் வரவில்லை.

> தம்

பிரியாணியால் எல்லாருக்கும் தெரிந்த சொல், அதுவே சிக்கல். தம் என்றால் மூடி போட்டு ஆவியை அடைப்பது. ஸ்டேக்கை அப்படி மூடினால் பாடுபட்டுக் கொண்டுவந்த முறுகல் நமுத்துப் போகும். வகுப்பில் ‘தம்’ என்று சொல்லிப் பாருங்கள், பாதிப் பேர் மூடியைத் தேடுவார்கள்.

> தொடர்வேக்காடு

கிட்டத்தட்ட ஒத்துக்கொண்டுவிட்டேன். ஆனால் தொடர்மழை, தொடர் ஓட்டம் என்கிறபோது இடைவிடாமை என்ற பொருள்தான் முந்துகிறது. எலும்புச் சாற்றை மணிக்கணக்காகக் கொதிக்க விடுவதற்கு வேண்டுமானால் இதை ஒதுக்கி வைக்கலாம்.

> தன்சூட்டு வேக்காடு

அழகான சொல். ‘அடுப்ப அணைச்சிட்டு வை, சூட்டுலயே வெந்துடும்’ என்று வீட்டில் சொல்வதிலிருந்து நேராக வந்தது. அட்டவணைத் தலைப்பில் அடங்காது என்பது மட்டுமே என் தயக்கம். வரையறைக்குள் இதை அப்படியே வைத்துக்கொள்வோம்.

நான் முன்வைப்பது பின்வேக்காடு. பின்னிரவு, பின்பனி, பின்விளைவு என்ற வரிசையில் தானாக உட்காரும். வேக்காடும் புதிய சொல் இல்லை. அரைவேக்காடு என்று ஆளைத் திட்டுவதற்காவது பயன்படுத்துகிறோம். வாக்கியத்தில் வைத்துப் பாருங்கள்: “48 டிகிரியில் இறக்குங்கள், மீதி பின்வேக்காட்டில் வந்துவிடும்.” “துண்டு மெலிந்தால் பின்வேக்காடு குறையும்.” “கடுந்தணலில் பின்வேக்காடு 5 டிகிரியைத் தாண்டலாம்.” மூன்றும் இடறாமல் போகின்றன. ‘ஆறவிடல்’ போட்ட வாக்கியத்தில் டிகிரிக் கணக்கு சொல்லிப் பாருங்கள், குழப்பம் தெரியும்.

‘ஆறவிடல்’ ரெஸ்டிங்குக்கே இருக்கட்டும். அது நாம் செய்வது, பின்வேக்காடு இறைச்சிக்குள் தானாக நடப்பது. ஆக்கப் பொறுத்தவருக்கு ஆறப் பொறுக்காதா என்று பாடத் தலைப்பே வைத்துவிடலாம்.

> ஸ்டேக்குக்கும் ஒரு தமிழ்ச்சொல் வேண்டும். ‘தடியிறைச்சி’?

வேண்டாமே. இத்தாலியர்களே ‘பீஃப்ஸ்டேக்’கை ஆங்கிலத்திலிருந்து எடுத்துத்தான் ‘பிஸ்தெக்கா’ ஆக்கிக்கொண்டார்கள். சாப்பாட்டுக் கடையில் கேட்டு வாங்கும் பெயர் அப்படியே இருக்கட்டும். தடியிறைச்சி என்றால் யாரையோ அடிக்கக் கிளம்புவது போலிருக்கிறது.

கடைசியாக, ‘ரிவர்ஸ் சியர்’. முதலில் மிதமான சூட்டில் வேகவைத்து, இறுதியில் முறுகச் சுடும் முறை. அதில் மேலுக்கும் நடுவுக்கும் வெப்ப வேறுபாடு குறைவு, ஆகவே பின்வேக்காடும் குறைவு. கையேட்டு அட்டவணையில் இரண்டு முறைகளுக்கும் தனித்தனிப் பத்தி வேண்டும். அதற்கான சொல்லைத் தனி இழையில் பேசலாம். தயவுசெய்து ‘பின்’ என்று தொடங்கும் எதையும் அங்கே பரிந்துரைக்காதீர்கள்.

அன்புடன்,
ஈசூனிலிருந்து