‘வெல், பை’ என்றால் கிளம்பச் சொல்கிறார்கள் என்று அர்த்தமில்லை: கார்க் நகரத்துக்குப் புதிதாக வந்தவர்களுக்கு

அயர்லாந்தில் கார்க் நகரத்துக்கு வேலைக்கு வந்து இரண்டு வாரமே ஆன தம்பி ஒருவர் நேற்று போனில் கேட்டார்: “அண்ணே, ஆபீஸ்ல உள்ள நுழையும்போதே எல்லாரும் எனக்கு பை சொல்றாங்க. நான் ஏதும் தப்பு பண்ணிட்டேனா?” சிரித்துவிட்டேன். சிரித்திருக்கக் கூடாது. ஒன்பது வருடத்துக்கு முன்னால் நானும் அதே இடத்தில்தான் திருதிருவென்று முழித்துக்கொண்டு நின்றேன். அவருக்குச் சொன்னதை இங்கேயும் எழுதிவைக்கிறேன், அடுத்து வருகிறவர்களுக்கு ஆகும்.

அவர்கள் சொல்வது விடைபெறுகிற ‘பை’ இல்லை. பையன் என்று பொருள்படும் ‘பாய்’தான் இந்த ஊர் வாயில் ‘பை’ ஆகிவிடுகிறது. ‘வெல், பாய்’ என்பதை ‘வெல், பை’ என்கிறார்கள். நம் மொழியில் சொன்னால் ‘என்னப்பா, எப்படி?’ அவ்வளவுதான்.

எனக்கு இது முதலில் நடந்தது ரிங்காஸ்கிடி பக்கம் போகிற 223ஆம் எண் பஸ்ஸுக்காகக் காத்திருந்தபோது. நவம்பர் மாதம், விடிந்தும் விடியாத நேரம், விழுவது தெரியாமல் விழுகிற தூறல். அறுபது வயது தாண்டிய ஒருவர் நாய்க்குட்டியோடு வந்து நிழற்குடைக்குள் ஒதுங்கினார். என்னைப் பார்த்துத் தலையை ஒரு பக்கமாகச் சாய்த்து “வெல், பை!” என்றார். வந்ததும் வராததுமாக விடைபெறுகிறாரே என்று நானும் “பை!” என்று கையசைத்தேன். அதோடு விட்டேனா? அவருக்குத் தனியாக நிற்க விருப்பம் போலிருக்கிறது என்று நானே முடிவு செய்து, நிழற்குடையை விட்டு மழையில் நான்கு அடி தள்ளிப் போய் நின்றேன். பஸ் வந்தது. இருவரும் அதில்தான் ஏறினோம். இறங்கும் வரை அவர் என்னை ஒரு மாதிரியாகவே பார்த்துக்கொண்டிருந்தார்.

குழப்பத்துக்கு இன்னொரு காரணமும் உண்டு. இந்த நாட்டில் போனை வைக்கும்போது யாரும் ஒரு ‘பை’யோடு நிறுத்துவதில்லை. ‘பை, பை, பை, பைபைபை’ என்று குரல் தேய்ந்துகொண்டே போகும், காதிலிருந்து போனை எடுத்த பிறகும் ஒன்றிரண்டு விழும். ஆக, கணக்கு இப்படி: ஒரு பை என்றால் வணக்கம், ஏழு பை என்றால் விடைபெறுதல்.

கார்க்காரர்கள் என்று எழுத ஆரம்பித்தேன், கார் வைத்திருப்பவர்கள் போல இருக்கிறது. கார்க் ஊர்க்காரர்கள் என்றே வைத்துக்கொள்வோம். சுமார் 2.2 லட்சம் பேர் இருக்கிற ஊர், அயர்லாந்துக் குடியரசில் டப்ளினுக்கு அடுத்த பெரிய நகரம். ஆனால் டப்ளினை அடுத்து என்று இவர்களிடம் சொல்லிவிடாதீர்கள். உண்மையான தலைநகரம் இதுதான் என்று பாதி விளையாட்டாகவும் பாதி நிஜமாகவும் சொல்வார்கள். பேச்சிலும் அந்தப் பிடிவாதம் உண்டு. ராகம் போட்டு ஏறி இறங்கும் ஆங்கிலம் இவர்களுடையது. லீ ஆற்றுக்கு வடகரையில் அந்த ராகம் இன்னும் தூக்கலாக இருக்கும்.

நான் அம்பாசமுத்திரத்துப் பக்கம். எங்கள் ஊரில் ‘என்னலே’ என்று ஒரு சொல் உண்டு. கேள்வி மாதிரி இருக்கும், கேள்வி இல்லை. ‘உன்னைப் பார்த்துட்டேன், நீ நம்மாளு’ என்பதுதான் அதற்குள் இருக்கும் செய்தி. ‘வெல், பை’யும் அதே ஜாதிச் சரக்கு. ‘லே’ வாக்கியத்தின் கடைசியில் போய் ஒட்டிக்கொள்வதைப் போலவே இந்த ‘பை’யும் எங்கே வேண்டுமானாலும் ஒட்டும்: ‘நல்ல குளிர், பை’, ‘தேங்க்ஸ், பை’, ‘நேத்து மேட்ச் பார்த்தியா, பை’. ஒரே ஒரு வித்தியாசம். ‘லே’யை அப்பாவிடம் போட்டால் வீட்டில் சோறு கிடையாது. இங்கே என்னோடு வேலை பார்க்கிறவர் எழுபத்தெட்டு வயது அப்பாவையே ‘பை’ என்கிறார், அவர் பதிலுக்கு இவரை ‘பை’ என்கிறார். வயது, மரியாதை எதையும் அந்தச் சொல் சுமப்பதில்லை.

பெண்களுக்கு ‘வெல், கேர்ல்’. பெரும்பாலும் பெண்கள் தங்களுக்குள் சொல்லிக்கொள்வது. என் மனைவிக்கு முதலில் இது கொஞ்சம் உறுத்தியது, நாற்பதை நெருங்கும் ஆளைப் போய் கேர்ல் என்கிறார்களே என்று. இங்கிலீஷ் மார்க்கெட்டில் (1788லிருந்து இருக்கிற சந்தை, மீனுக்கும் ஆட்டுக்கறிக்கும் நம்மவர்கள் போகும் இடம்) எழுபது வயதுப் பாட்டி இன்னொரு எழுபது வயதுப் பாட்டியை ‘கேர்ல்’ என்று கூப்பிட்டதைக் கேட்ட பிறகு சமாதானமாகிவிட்டாள். இப்போது கேர்ல் என்று சொல்லாவிட்டால்தான் குறை.

சரி, பதில் என்ன சொல்வது? ‘வெல்’லுக்குப் பதில் ‘வெல்’தான். குரல் கொஞ்சம் மேலே தொடங்கிக் கீழே இறங்க வேண்டும், தலை ஒரு பக்கமாகச் சாய வேண்டும். சாய்ப்பது ஒரே ஒரு தடவை. நம் பழக்கத்தில் இரண்டு பக்கமும் ஆட்டினால் ஆமாமா இல்லையா என்று குழம்பிவிடுவார்கள். கூடவே ‘ஹௌஸ் திங்ஸ்?’ என்று கேட்டால் ‘நாட் டூ பேட், யுவர்செல்ஃப்?’ போதும். நாம் ‘ஏதோ ஓடுது’ என்போமே, அதேதான். ஓகோவென்று இருக்கிறேன் என்று இங்கே யாரும் சொல்வதில்லை, லாட்டரி விழுந்தவர்கூட ‘நாட் டூ பேட்’தான். பள்ளிக்கூடத்தில் படித்த ‘ஐ ஆம் ஃபைன், தேங்க் யூ’வைச் சொன்னால் தவறில்லை, ஆனால் வாத்தியார் முன்னால் எழுந்து நின்றது போல இருக்கும்.

முக்கியமான விஷயம்: நிற்காதீர்கள். வேலைக்குச் சேர்ந்த முதல் வாரம், ஒருவர் நடைவழியில் எதிரே வந்து “வெல், பை, ஹௌஸ் திங்ஸ்?” என்றார். கேட்டுவிட்டாரே, அக்கறையுள்ள மனுஷன் என்று நான் நின்று, வீடு கிடைக்காத கதையைத் தொடங்கினேன். பதினோரு வீடு பார்த்தது, ஒவ்வொன்றுக்கும் வரிசையில் முப்பது பேர் நின்றது, பழைய வீட்டுக்காரரிடம் கடிதம் கேட்கிறார்களே, என் பழைய வீட்டுக்காரர் எங்கப்பாதானே என்பது. இரண்டாவது வாக்கியத்திலேயே அவர் ஐந்தடி தாண்டிப் போய்விட்டார். நான் அவர் முதுகிடம் பேசிக்கொண்டிருந்தேன். பாவம், குரல் கேட்டுத் திரும்பி வந்து, காப்பிக் கோப்பையைக் கையில் வைத்துக்கொண்டு முழுக் கதையையும் கேட்டுவிட்டுத்தான் போனார். நல்ல மனிதர். அந்தக் காப்பி ஆறிப்போயிருக்கும்.

இப்போது கொஞ்சம் கனமான விஷயம். என் நண்பர் ஒருவர் அமெரிக்காவில் சில வருடம் இருந்துவிட்டு இங்கே வந்தவர். முதல் நாளே ‘பை’யைச் சரியாகப் புரிந்துகொண்டார், அதனாலேயே முகம் சுருங்கிப்போனார். வெள்ளைக்காரர் ஒருவர் கறுத்த மனிதரைப் பாய் என்று கூப்பிடுவதற்கு அங்கே அடிமைக்காலம் தொட்டு வரும் அசிங்கமான பொருள் இருக்கிறது. கார்க்கில் அந்தச் சொல்லுக்கு அந்தச் சுமை இல்லை. என் அளவுகோல் சுலபமானது: பக்கத்திலிருக்கும் தன் ஊர்க்காரரையும் அவர் அதே சொல்லால், அதே குரலில் கூப்பிடுகிறாரா? ஆமென்றால் உங்களையும் அந்தக் கணக்கில் சேர்த்துக்கொண்டார், சந்தோஷப்படுங்கள். அதற்காக எல்லா ‘பை’யும் அன்பு என்று சொல்ல மாட்டேன். இரவில் தெருமுனையில் நிற்கும் விடலைப் பையன்கள் இழுத்துச் சொல்கிற ‘பை’ வேறு, அது காதில் விழுந்ததுமே தெரிந்துவிடும். நிற்காமல் நடங்கள். வம்பு தொடர்ந்தால் கார்டா காவலர்களிடம் சொல்லத் தயங்க வேண்டாம்.

நாமும் சொல்லலாமா? ‘வெல்’ மட்டும் முதல் நாளிலிருந்தே சொல்லலாம். ‘பை’யை அவசரப்பட்டு எடுக்காதீர்கள். நான் ஆரம்பத்தில் முயன்றபோது அது அழுத்தந்திருத்தமாக ‘பாய்’ என்றே வந்தது, பிரியாணிக் கடையில் நின்று கூப்பிடுகிற மாதிரி. பிறகு விட்டுவிட்டேன். மூன்று வருடம் கழித்து ஒரு டாக்ஸியிலிருந்து இறங்கும்போது என்னையறியாமல் ‘தேங்க்ஸ், பை’ என்று வாயில் வந்தது. ஓட்டுநர் எதையும் கவனிக்கவில்லை. வந்துவிட்டது என்பதற்கு அதுதான் அடையாளம்.

கூடவே கேட்கப்போகிற இன்னும் ஒன்றிரண்டு. ‘கமியர் டு மீ’ என்றால் கிட்டே வா என்பதுபோல இருக்கும், ஆனால் ‘இதக் கேளு’ என்றுதான் பொருள். ஓரடி தூரத்தில் நிற்கிறவர் இதைச் சொன்னால் இன்னும் நெருங்கிப் போய் மூக்கில் இடிக்காதீர்கள். ‘ஐ வில், யா’ என்று இழுத்தால் நிச்சயம் செய்யமாட்டேன் என்று அர்த்தம், நம்மூர் ‘செஞ்சுட்டாலும்’ மாதிரி. கிளம்பும்போது ‘குட் லக்’ என்பார்கள். எனக்கு ஏதோ கண்டம் வரப்போகிறது என்று முதலில் பயந்தேன். அதுவும் ஒரு விடைபெறுதல்தான்.

ஒரு எச்சரிக்கை: ‘வெல், பை’யைத் தூக்கிக்கொண்டு டப்ளினுக்குப் போனால் கார்க் ஊரைக் கிண்டலடிக்கிறீர்கள் என்று நினைப்பார்கள். அங்கே ‘ஹௌயா’, இளவட்டங்களிடம் ‘ஸ்டோரி, பட்?’. பெல்ஃபாஸ்ட்டில் ‘பௌட் யே’. கால்வே மாவட்டத்து டூம் பக்கம் ‘வெல், ஷாம்’. கேவன், மோனகன் பக்கம் ஆஸ்பத்திரி வேலைக்குப் போகிறவர்கள் ‘ஹௌஸ் ஷீ கட்டின்?’ என்பதைக் கேட்டுத் திகைப்பார்கள். அந்த ‘ஷீ’ உங்கள் மனைவி இல்லை. நாட்டுப்புறத்தில் வண்டி, இயந்திரம், வானிலை எல்லாமே ‘ஷீ’தான். ‘எப்படி வெட்டுது?’ என்ற கேள்வியை அடுப்பெரிக்கச் சதுப்பு நிலத்து மண்ணை வெட்டியெடுக்கிற மண்வெட்டியோடு சிலர் சேர்த்துச் சொல்வார்கள், புல் அறுக்கிற இயந்திரத்தோடு சிலர். எதை வெட்டினாலும் பதில் ‘நாட் டூ பேட்’தான்.

என் மகள் இங்கேயே பிறந்தவள், ஏழு வயது. போன ஞாயிற்றுக்கிழமை ஊருக்கு வீடியோ கால் போட்டோம். திரையில் ஆச்சி முகம் தெரிந்ததும் இவள் தலையைச் சாய்த்து “வெல், கேர்ல்!” என்றாள். எங்கம்மா ஒரு நொடிகூட யோசிக்கவில்லை. “என்னட்டி, சாப்ட்டியா?” என்றாள். இவள் “நாட் டூ பேட்” என்றாள்.

“என்னலே சொல்லுதா?” என்று அம்மா என்னைக் கேட்டாள். சாப்பிட்டுவிட்டாள் என்று சொல்லிவைத்தேன்.