உச்சிக்குழி துடிப்பதைப் பார்த்துப் பயந்திருக்கிறீர்களா?

மருத்துவப் படிப்பின் முதலாமாண்டில் சீனியர் அக்கா கொடுத்த மனித எலும்பு செட்டை விடுதி அறையில் வைத்துப் படித்தவள் நான். மண்டையோட்டை ஜன்னல் பக்கம் தூக்கிப் பிடித்தால், காதுக்கு மேலே பொட்டுப் பக்கத்துத் தகட்டில் வெளிச்சம் மங்கலாகத் தெரியும். அவ்வளவு மெல்லிசு. மேல் மூடியின் அறுத்த விளிம்பில் பார்த்தால் ஆறேழு மில்லிமீட்டர் கனம்: மேலும் கீழும் கெட்டித் தகடு, நடுவே ரஸ்க் மாதிரி ஓட்டை ஓட்டையாக ஓர் அடுக்கு.

இதையெல்லாம் ஒப்பித்தவள்தான், மகன் பிறந்த மூன்றாம் நாள் அவன் உச்சி துடித்ததைப் பார்த்து நடுங்கிப்போனேன். தலை வேறு கூம்பாக இருந்தது. வெளியே வரும்போது எலும்புகள் ஒன்றன்மேல் ஒன்று ஏறி வழிவிட்டிருந்தன. ஒரு வாரத்தில் சரியாகிவிட்டது. பச்சைக் குழந்தையின் மண்டையில் அந்த ரஸ்க் அடுக்கே கிடையாது, ஒற்றைத் தகடுதான். நாலு வயது வாக்கில்தான் நடுவில் மஜ்ஜை அடுக்கு உருவாகத் தொடங்கும்.

குளிப்பாட்ட வந்த ஆயா தலையை உருட்டிப் பிடிக்கப் போனார். "அமுக்காதீங்க ஆயா, மூளை வளர வளர தலை தானா உருளும்" என்றேன். "எத்தனை பிள்ளைக்குப் பிடிச்சிருக்கேன் கண்ணு" என்றவரின் முகம் சுண்டிவிட்டது. எனக்கும் கஷ்டமாக இருந்தது. ஆனால் மூளை விரிய விரியத்தான், மண்டை எலும்புகள் ஒன்றோடொன்று சேரும் தையல் கோடுகளில் புது எலும்பு சேர்கிறது. பிறந்தபோது 34 செ.மீ. இருந்த தலைச் சுற்றளவு, முதல் பிறந்தநாளில் 46. உச்சிக்குழி 15 மாதத்தில் மூடியது.

*

அக்கா, நீங்கள் எழுதியதைப் படித்தேன். எங்கள் பாப்பாவுக்கு எட்டாம் மாதம் வயிற்றுப்போக்கு. உச்சி குழிந்து கிண்ணம் மாதிரி ஆகிவிட்டது. தொக்கம் எடுக்கச் சொன்னார்கள். நான் நேராக ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு ஓடினேன். உடம்பில் தண்ணீர் வற்றினால் அப்படித்தான் ஆகும் என்று டிரிப் போட்டார்கள். சாயங்காலம் தடவிப் பார்த்தேன், பள்ளம் மேலே வந்திருந்தது. காய்ச்சலோடு, அழாமல் இருக்கும்போதும் உச்சி புடைத்திருந்தால் அன்றைக்கே தூக்கிக்கொண்டு வரவேண்டும் என்று நர்ஸம்மா சொல்லி அனுப்பினார்.

*

முதலில் நீங்கள் எழுதிய "தானா உருளும்" என்பதற்கு மட்டும் நான் ஒன்று சொல்லவேண்டும். என் தங்கை மகனுக்கு அது நடக்கவில்லை. தலை நீண்டு, பக்கவாட்டில் ஒடுங்கி, படகு மாதிரி வந்தது. இரண்டு இடத்தில் "போகப்போகச் சரியாகிடும்" என்று அனுப்பிவிட்டார்கள். குளிப்பாட்டும்போது தங்கை என் விரலைப் பிடித்து அவன் உச்சிக்குழிக்குப் பின்னால் வைத்தாள். முன்னும் பின்னுமாக ஓடும் அந்தத் தையல் கோடு வயல் வரப்பு மாதிரி மேடாகத் தட்டுப்பட்டது. ஸ்கேனில் அது முன்கூட்டியே ஒட்டிவிட்டது தெரிந்தது. ஐந்தாம் மாதம் ஆபரேஷன். இப்போது யூகேஜி படிக்கிறான்; முடியை விலக்கினால்தான் தழும்பு தெரியும்.