புதுச்சேரியில் சுண்ணாம்பு வேலை தெரிந்த கொத்தனார் யாராவது இருக்கிறார்களா?

வணக்கம். புதுச்சேரி வைசியாள் வீதிக்குப் பக்கத்துத் தெருவில் அம்மா வழித் தாத்தாவின் வீடு இருக்கிறது. தமிழர் பகுதியில் பார்த்திருப்பீர்கள்: கீழே திண்ணை, மரத்தூண், முற்றம், தெருவை ஒட்டிய தாழ்வாரம், மேலே பிரெஞ்சுப் பாணியில் வளைவு ஜன்னல்கள். அந்தக் கலப்பு வீடுதான்.

மாடித் தளம் மெட்ராஸ் டெரஸ். மர உத்தரங்களுக்கு மேல் சின்னச் செங்கற்களைக் குத்துவாட்டில், குறுக்குச் சாய்வாக, சுண்ணாம்புச் சாந்தில் நெருக்கி நிறுத்தியது. இப்போது இரண்டு இடத்தில் ஒழுகுகிறது. வந்து பார்த்தவர்கள் இடித்துவிட்டு கான்கிரீட் போடச் சொல்கிறார்கள், இல்லையென்றால் மேலே சிமென்ட் பூசலாம் என்கிறார்கள். இரண்டிலும் எனக்குச் சம்மதமில்லை. சிமென்ட் பூசினால் ஈரம் உள்ளேயே அடைபட்டு, சுவருக்குள் இருக்கும் உத்தர முனை உளுத்துப்போகும். சுண்ணாம்பு என்றால் அந்த ஈரத்தை வெளியே விட்டுவிடும்.

வைசியாள் வீதிச் சீரமைப்புக்கு 2008-ல் யுனெஸ்கோவின் ஆசிய-பசிபிக் பாரம்பரிய விருது கிடைத்தது. அந்த மாதிரி வேலைகளில் கைவைத்த கொத்தனார்கள் யாரையாவது தெரியுமா? சுண்ணாம்பும் செங்கல் பொடியும் கடுக்காய்த் தண்ணீரும் சேர்த்து ஒழுகும் பகுதியை மட்டும் பிரித்துக் கட்டத் தெரிந்தவராக இருந்தால் போதும். காரைக்குடிப் பக்கத்து ஆள் என்றாலும் சரி, தங்க இடம் கொடுத்துவிடுவோம்.

அப்புறம், தூண் ஒன்றின் அடிப்பகுதி இற்றுவிட்டது. தூணை மாற்றாமல் அடியை மட்டும் வெட்டி ஒட்டுப்போடும் தச்சர் தெரிந்தாலும் சொல்லுங்கள். ஐப்பசி மழைக்கு முன் கூரையை முடிக்க வேண்டும். சதுர அடிக்கு உத்தேசமாக என்ன ஆகும் என்று, செய்து பார்த்தவர்கள் சொன்னால் பெரிய உதவியாக இருக்கும்.