ஜெஸிகா வில்லியம்ஸ்: செய்தியாளரா, நடிகையா, எழுத்தாளரா?

மருதம் கேட்டது:

அமெரிக்காவின் ‘தி டெய்லி ஷோ’ நையாண்டிச் செய்தி நிகழ்ச்சியின் பழைய துணுக்குகளைப் பார்த்துக்கொண்டிருந்தபோதுதான், அதில் செய்தியாளராக வரும் ஜெஸிகா வில்லியம்ஸும் ‘ஷ்ரிங்கிங்’ தொடரில் கேபியாக நடிப்பவரும் ஒருவரே என்பது எனக்கு உறைத்தது. இடையில் பாட்காஸ்ட், எச்பிஓ தொலைக்காட்சி நிகழ்ச்சி, ஹாரி பாட்டர் உலகைச் சேர்ந்த படம் என்று ஒன்றோடொன்று ஒட்டாத வேலைகள். இவற்றுக்குள் ஏதேனும் தொடர்ச்சி உண்டா, அல்லது கிடைத்ததையெல்லாம் செய்தார் என்றுதான் கொள்ள வேண்டுமா?

கடலோடி எழுதியது:

தொடர்ச்சி இருக்கிறது, மருதம். அவர் செய்தியாளராக இருந்து நடிப்புக்கு வந்தவர் அல்லர். 2006இலேயே நிக்கலோடியன் என்ற சிறுவர் தொலைக்காட்சியின் தொடரொன்றில் நடித்தவர். பின்னர் லாஸ் ஏஞ்சலிஸில் இம்ப்ரொவ், அதாவது முன்னெழுத்தின்றி அப்போதைக்கப்போது புனைந்து நடிக்கும் கலை, பயின்றவர். 2012 ஜனவரியில், 22 வயதில், ‘தி டெய்லி ஷோ’வில் சேர்ந்தபோது அதன் மிக இளைய செய்தியாளர் அவரே. முதல் கறுப்பினப் பெண் செய்தியாளரும் அவரே. அங்கே ‘செய்தியாளர்’ என்பதே ஒரு வேடம்தான். தவறான ஒரு தர்க்கத்தை முழு நம்பிக்கையோடு, முகத்தில் சிரிப்பின் சாயல்கூட இல்லாமல் கடைசிவரை கொண்டுசெல்ல வேண்டும்.

நியூயார்க்கின் நிதி மையமான வால் ஸ்ட்ரீட்டைப் பற்றி 2013இல் அவர் செய்த துணுக்கைப் பாருங்கள். நியூயார்க் காவல்துறை கறுப்பின, லத்தீன் அமெரிக்க வம்சாவளி இளைஞர்களைச் சந்தேகத்தின் பேரில் தெருவில் நிறுத்திச் சோதிப்பதை, குற்றம் மிகுந்த பகுதிகளில் அது தேவை என்று சிலர் நியாயப்படுத்தி வந்தார்கள். ஜெஸிகா அந்த வாதத்தை மறுக்கவில்லை. அப்படியே எடுத்துக்கொண்டு, நிதிக் குற்றங்கள் மலிந்த வால் ஸ்ட்ரீட்டில் கோட்டு சூட்டு அணிந்தவர்களையும் நிறுத்திச் சோதிக்க வேண்டியதுதானே என்று, அக்கறையுள்ள ஓர் அதிகாரியின் குரலில் பேசினார். நகைச்சுவை முழுவதும் அந்தக் குரலில்தான் இருக்கிறது. அது நடிப்பு இல்லையென்றால் வேறென்ன?

நிலாமுற்றம் எழுதியது:

கடலோடி அவர்கள் பாட்காஸ்டைத் தொடவில்லை. தொடர்ச்சி மிகத் தெளிவாகத் தெரிவது அங்கேதான். அமெரிக்க ராணுவத்தின் தலைமுடி விதிகளைப் பற்றிய துணுக்கு ஒன்றில் பின்னணியில் நிற்க வந்தவர் நகைச்சுவையாளர் ஃபீபி ராபின்சன். அந்தப் பழக்கம் மேடையில் இணைந்து நிகழ்ச்சி நடத்துவதில் முடிந்தது. அதுவே 2016இல் ‘டூ டோப் குவீன்ஸ்’ பாட்காஸ்டாகி, 2018இல் எச்பிஓவுக்கும் போனது. எழுதிக் கொடுத்த வேடத்தின் குரலில் பேசியவர், அங்கே தம் சொந்தக் குரலில், தாமே அமைத்த உரையாடலில் பேசினார்.

2015இல் ‘தி டெய்லி ஷோ’வின் தொகுப்பாளர் ஜான் ஸ்டூவர்ட் விலகப்போவதாக அறிவித்ததும், அந்த நாற்காலியில் ஜெஸிகாவே அமர வேண்டும் என்று இணையத்தில் பெரும் குரல் எழுந்தது. அதற்குத் தமக்குத் தகுதி போதாது என்று அவர் மறுத்தபோது, இது தன்னம்பிக்கைக் குறைவு என்று ஒருவர் கட்டுரையே எழுதிவிட்டார். தம் மனத்தில் இருப்பதைத் தமக்கே விளக்க வந்ததை ஜெஸிகா கடுமையாகக் கண்டிக்க, கட்டுரையாளர் மன்னிப்புக் கேட்டார். 25 வயதில் ஒருவர் தம் பாதையைத் தாமே தேர்ந்தெடுப்பதைக்கூட நோயாகப் பார்த்தவர்களை என்னவென்று சொல்வது!

திண்ணை எழுதியது:

எல்லாவற்றையும் ஒரே நூலில் கோக்க வேண்டுமா என்பது என் ஐயம். 2022இல் வந்த ‘ஃபென்டாஸ்டிக் பீஸ்ட்ஸ்’ படத்தில் அவர் மந்திரப் பள்ளி ஆசிரியை. அதில் நையாண்டிக்கு வேலையே இல்லை. நல்ல வாய்ப்பு வந்தது, நடித்தார், அவ்வளவே.

கடலோடி எழுதியது:

அந்தப் படத்தைப் பொறுத்தவரை திண்ணை சொல்வதை ஏற்கிறேன். ஆனால் 2017இல் வந்த ‘தி இன்க்ரெடிபிள் ஜெஸிகா ஜேம்ஸ்’ அப்படியன்று. இயக்குநர் ஜிம் ஸ்ட்ரவுஸ் தம் முந்தைய படத்தில் இவரைச் சிறு வேடத்தில் நடிக்கவைத்துவிட்டு, இவரை மனத்தில் வைத்தே எழுதிய கதை அது. நிர்வாகத் தயாரிப்பிலும் இவருக்குப் பங்குண்டு. நியூயார்க்கில் வாய்ப்புத் தேடும், நாடகம் எழுதும் பெண்ணின் வேடம். தமக்கு வந்த நிராகரிப்புக் கடிதங்களை அவள் வீட்டுச் சுவரில் ஒட்டி வைத்திருப்பாள். மருதம், பழைய துணுக்குகளுக்கு அடுத்ததாக இதைப் பாருங்கள். எம்மி தொலைக்காட்சி விருதுப் பரிந்துரை பெற்றுத் தந்த கேபிக்குப் பிறகு திரும்பி வரலாம்.