மைன்கிராஃப்ட் பீட்டா 1.7.3: பழைய உலகத்தை மீட்க வழி உண்டா?

குழுவினருக்கு வணக்கம். ஸ்டாக்ஹோமில் ஒரு சிறு குழு உருவாக்கிக்கொண்டிருந்த காலத்து மைன்கிராஃப்ட் கணினி விளையாட்டின் பீட்டா 1.7.3 பதிப்பை (முழு வெளியீட்டுக்கு முந்தைய சோதனைப் பதிப்பு, ஜூலை 2011) இன்றும் பலர் விட்டுக்கொடுக்காமல் ஆடுவதற்குக் காரணம் வெறும் ஏக்கம் என்று நான் நினைக்கவில்லை. கட்டைகளைத் தள்ளும் பிஸ்டன்களைக் கொண்டுவந்த 1.7-இன் பிழைகளைத் திருத்திய பின் வந்த இந்தப் பதிப்பில் பசி இல்லை, ஓட்டம் இல்லை. ரொட்டியைத் தின்றால் உயிர் உடனே ஏறும், ஆனால் ரொட்டிகளைப் பையின் ஒரே கட்டத்தில் அடுக்க முடியாது என்பதால், சுரங்கத்துக்கு எத்தனை எடுத்துச் செல்வது என்பதே ஒரு கணக்காகிவிடும். அதே ஆண்டு செப்டம்பரில் வந்த 1.8 இவற்றையெல்லாம் மாற்றியதோடு, நிலப்பரப்பை உருவாக்கும் முறையையும் மாற்றிவிட்டது.

என் சிக்கலும் அங்கேதான். பழைய உலகத்தைக் கவனக்குறைவாகப் பிற்காலப் பதிப்பு ஒன்றில் திறந்துவிட்டேன். புதிய முறையில் உருவான நிலம் பழையதோடு பொருந்தாமல், நான் கட்டிய பாலம் முடியும் இடத்தில், கத்தியால் அறுத்ததைப் போல் செங்குத்தான மண்சுவர் நிற்கிறது. நகல் எடுத்து வைக்காதது என் தவறு.

உலகக் கோப்புறைக்குள் நிலப்பரப்பைச் சேமித்த, எம்.சி.ஆர். (.mcr) என முடியும் பழைய கோப்புகள் இன்னும் இருக்கின்றன, 'லெவல்.டாட்_எம்.சி.ஆர்.' (level.dat_mcr) என்ற கோப்பும் இருக்கிறது. அதன் பெயரை, உலகத்தின் அடிப்படைத் தகவல்கள் இருக்கும் கோப்பின் பெயரான 'லெவல்.டாட்' (level.dat) என்று மாற்றினால், 1.7.3-இல் அந்த உலகம் பழையபடி திறக்குமா? புதிய கோப்புகளை முதலில் அகற்ற வேண்டுமா? செய்து பார்த்தவர்கள் வழிமுறையைச் சொன்னால் நன்றியுடையவனாவேன்.